வேலிக்குள் ஒரு மண்மேடு

அத்தியாயம் 11

கெடு முடிகிற நாள் விடிந்தபோது அங்கம்மா மண்மேட்டின் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தாள்.

முகம் கழுவவில்லை. அடுப்பும் பற்றவைக்கவில்லை. மேட்டின் மேல் முளைத்திருந்த புல்லை ஒவ்வொன்றாகக் கிள்ளிக்கொண்டிருந்தாள். இன்னும் கொஞ்ச நேரத்தில் தோண்டப்போகிற மண்ணில் புல் இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்று அவளுக்கே தோன்றியது. ஆனாலும் கை நிற்கவில்லை.

1930-ஆம் வருஷம், சித்திரை பிறந்து மூன்றாம் நாள்.

மலாயாவில், ஸ்கூடாய் ஊரிலிருந்து நாலு மைல் காட்டுக்குள் இருக்கிறது அந்தச் சர்க்கார் தண்ணீர்த் தேக்கம். அவள் கணவன் சதாசிவம் ஒன்பது வருஷமாக அங்கே காவல்காரன். தேக்கத்தைச் சுற்றி முள்கம்பி வேலி. வேலிக்குள் வீடு என்று இருப்பது அவர்கள் குடியிருக்கும் காவல் வீடு ஒன்றுதான். ஜொகூர் பாருவில் குழாயைத் திறக்கிறவர்கள் குடிப்பது அங்கிருந்து போகும் தண்ணீரை. அதனால் வேலிக்குள் யாரும் குளிக்கக் கூடாது, மீன் பிடிக்கக் கூடாது, ஆடு மாடு வளர்க்கக் கூடாது, பிணம் புதைக்கக் கூடாது. கேட்டில் தொங்கும் தகரப் பலகையில் மூன்று பாஷையில் அப்படித்தான் எழுதியிருந்தது.

அந்த வேலிக்குள்தான் அவர்கள் தங்கள் மகளைப் புதைத்திருந்தார்கள்.

எட்டு வருஷம் காத்திருந்து பிறந்த குழந்தை. நாலரை மாதம் இருந்தாள். மார்கழி மழையில் காய்ச்சல் கண்டு மூன்றாம் நாள் போய்விட்டாள். அன்றைக்கு ஆற்றுத் தண்ணீர் மரப்பாலத்தை மூழ்கடித்திருந்தது. டவுனுக்குப் போக வழியில்லை. ஒரு நாள் முழுக்கப் பார்த்தார்கள். மறுநாளும் மழை விடவில்லை. பால் டின் வந்த மரப்பெட்டியில் குழந்தையை வைத்து, வீட்டுக்குப் பின்னால் மேட்டில், சதாசிவமே குழி தோண்டினான்.

விஷயம் தெரிந்தவர்கள் மூன்றே பேர். அவள், அவள் புருஷன், அவள் தம்பி மணியம். மணியம் ஜொகூர் பாருவில் தண்ணீர் ஆபீஸில் கணக்கெழுதும் கிராணி. ஆறு வாரத்துக்கு முன்னால் நோட்டீஸ் வந்தது. 'எல்லைக்குள் உள்ள பிணக்குழியை ஆறு வாரத்துக்குள் அகற்ற வேண்டும்.' தமிழில் எழுதியிருந்தது மணியத்தின் கையெழுத்தில்.

தம்பிதான் காட்டிக்கொடுத்துவிட்டான் என்று அவள் அன்றைக்கே முடிவு கட்டிவிட்டாள். அதற்குப் பிறகு அவன் இரண்டு தடவை வந்தான். இரண்டு தடவையும் அவள் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

"அங்கம்மா."

சதாசிவம் பின்னால் வந்து நின்றான். தோளில் புதிதாக இழைத்த பலகைப் பெட்டி. மூன்று நாளாக வேலியைச் சுற்றிவிட்டு வந்து பம்ப் கொட்டகையில் அவன் தட்டிக்கொண்டிருந்த சத்தம் அவளுக்குக் கேட்டுக்கொண்டுதான் இருந்தது.

"பெட்டி ஆயிருச்சு."

அவள் திரும்பிப் பார்த்தாள். சின்னப் பெட்டி. மூலைகளில் ஆணி தெரியாமல் அடித்திருந்தான்.

"அளவு எப்படித் தெரிஞ்சுது?"

அவன் பெட்டியைக் கீழே இறக்கினான். இரண்டு கையையும் ஒரு முழம்போல் நீட்டிக் காட்ட ஆரம்பித்தவன், பாதியில் நிறுத்திக்கொண்டான்.

"கையில வச்சிருந்தேனே," என்றான்.

அவள் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, அவள் விட்டுவைத்த புல்லைக் கிள்ள ஆரம்பித்தான்.

*

ஒன்பது மணிக்கு லாரி வந்தது.

முன்னால் சுகாதார இன்ஸ்பெக்டர். அவர் பின்னால் கையில் கோப்புடன் மணியம். லாரியின் பின்பக்கத்திலிருந்து மண்வெட்டியும் கூடையுமாக இறங்கினார் ஒரு சீனக் கிழவர்.

ரோட்டு வேலைக்கு இருக்கும் நம்மாட்களிடம் கேட்டிருக்கிறார்கள். பச்சைக் குழந்தையின் குழியைத் தோண்ட ஒருவரும் வரவில்லை. அதனால் ஸ்கூடாய்க் கடைத்தெருவில் கூலிக்கு ஆள் பிடித்து வந்திருந்தார்கள்.

கிழவரைப் பார்த்ததும் சதாசிவத்தின் முகம் மாறியது. அங்கம்மாவுக்கும் அடையாளம் தெரிந்தது. ஆ கியாட்.

இரண்டு வருஷத்துக்கு முன்பு வரை, தேக்கத்துக்கு வரும் ஓடையின் கரையில் கீரைத் தோட்டம் போட்டிருந்தவர் அவர். புதிதாக எல்லை அளந்தபோது தோட்டம் வேலிக்குள் வந்துவிட்டது. சதாசிவம்தான் நோட்டீஸ் கொண்டுபோய்க் கொடுத்தான். குடிசையைப் பிரித்தார்கள். தோட்டத்து ஓரத்தில் இருந்த அவர் மனைவியின் குழியையும் எடுக்கச் சொன்னார்கள். எடுத்து முடிக்கும் வரை பக்கத்தில் காவலுக்கு நின்றதும் சதாசிவம்தான்.

இப்போது கிழவர் அவனைப் பார்த்துத் தலையை மட்டும் அசைத்தார்.

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றிவிட்டு உத்தரவை மலாயில் வாசித்தார். வாசிக்கும்போது குரலைத் தாழ்த்திக்கொண்டார். கெட்ட மனிதர் இல்லை. வாசித்து முடித்ததும் "சட்டம் இது, நான் என்ன செய்ய?" என்கிற மாதிரி கையை விரித்தார்.

மணியம் தமிழில் சொல்ல வாயெடுத்தான். "அக்கா..."

"எனக்கு மலாய் புரியும்," என்றாள் அங்கம்மா. இன்ஸ்பெக்டரைப் பார்த்தபடியே சொன்னாள்.

மணியம் கோப்பை மார்போடு அணைத்துக்கொண்டு பின்னால் நகர்ந்தான்.

ஆ கியாட் மண்மேட்டைச் சுற்றி ஒரு தடவை நடந்தார். தலைமாடு எது என்று கையால் கேட்டார். சதாசிவம் காட்டினான். கிழவர் கால்மாட்டுப் பக்கத்திலிருந்து ஆரம்பித்தார். இரண்டடி வரைதான் மண்வெட்டி. அப்புறம் அதைத் தூரப் போட்டுவிட்டு, மண்டியிட்டுக் கையாலேயே மண்ணை வாரினார்.

"பெலான், பெலான்," என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். மெல்ல, மெல்ல. தூங்குகிற குழந்தை விழித்துக்கொள்ளும் என்பதுபோல.

சதாசிவம் எதிர்ப்பக்கம் குனிந்து தானும் மண்ணை வாரப்போனான்.

"நீ வேண்டாம்," என்றார் கிழவர் மலாயில். "தகப்பன் பார்க்கக் கூடாது. தாயும் கூடாது. ரெண்டு பேரும் அந்தப் பக்கம் திரும்பி நில்லுங்க."

திரும்பி நின்றார்கள். அங்கம்மாவுக்கு முன்னால் தேக்கத்துத் தண்ணீர் அசையாமல் கிடந்தது. பின்னால் விரல்கள் மண்ணைக் கீறும் சத்தம். ஈரப் பலகை ஒன்று விட்டுக்கொடுக்கும் சத்தம். யாரோ மூச்சை இழுத்துக்கொள்வது கேட்டது. மணியமாக இருக்கும். அவள் உதட்டைக் கடித்துக்கொண்டாள். ரத்தம் உப்புக் கரித்தது.

"ஆச்சு," என்றார் ஆ கியாட்.

பழைய பெட்டி உடையவில்லை. அதை அப்படியே புதுப் பெட்டிக்குள் இறக்கி மூடியிருந்தார். அதனால்தான் புதுப் பெட்டி குழந்தையின் அளவைவிடக் கொஞ்சம் பெரிதாக இருந்ததா? சதாசிவம் அதையும் யோசித்துத்தான் அளவு வைத்திருக்கிறான்.

சதாசிவம் வீட்டுக்குள் போய் ஒரு குவளையில் தண்ணீர் கொண்டுவந்து கிழவரிடம் நீட்டினான். கிழவர் முதலில் கையைக் கழுவினார், பிறகு குடித்தார். குவளையைத் திருப்பிக் கொடுக்கும்போது சொன்னார்:

"என் பெண்சாதியை எடுத்த அன்னிக்கு மழை. இன்னிக்கு மழை இல்லை. நல்லது."

அவ்வளவுதான். கூடையை எடுத்துக்கொண்டு லாரிப் பக்கம் நடந்தார். சதாசிவம் காலிக் குவளையோடு நின்ற இடத்திலேயே நின்றான்.

*

புறப்படும்போதுதான் அடுத்த இடி.

சதாசிவத்துக்குப் பதில் ஒரு நாள் காவலுக்கு வர வேண்டியவன் வரவில்லை. காய்ச்சலில் படுத்திருக்கிறானாம். தேக்கத்தை ஆளில்லாமல் விடக் கூடாது. ஒரு மணி நேரம்கூட. அதுவும் சட்டத்தில் இருக்கிறது.

"நாளைக்கு வச்சுக்கலாமே துவான்," என்றான் மணியம் இன்ஸ்பெக்டரிடம்.

"கெடு இன்றோடு முடிகிறது. இன்று மாலைக்குள் மயானத்தில் சேர்த்தாயிற்று என்று நான் கையெழுத்துப் போட வேண்டும். தாயாரும் மாமனும் போனால் போதாதா?"

எல்லாரும் சதாசிவத்தைப் பார்த்தார்கள். கத்துவான், கெஞ்சுவான் என்று அங்கம்மா எதிர்பார்த்தாள். கெஞ்சினால் அந்த மனிதர் இளகிவிடுவார் என்றுகூட அவளுக்குத் தோன்றியது.

"நீ போய்ட்டு வா," என்றான் சதாசிவம்.

"ஏங்க..."

"நான் இங்க இருக்கணும்."

பெட்டியைத் தூக்கி லாரியில் அவள் மடிக்குப் பக்கத்தில் வைத்தான். மூடியின் மேல் கையை வைத்துக்கொண்டு நின்றான். லாரி உறுமியது. நகர்ந்தபோதுகூட இரண்டு எட்டு கூடவே நடந்தான். கேட்டு வந்ததும் நின்றுவிட்டான். வேலியைத் தாண்டவில்லை.

அங்கம்மா திரும்பிப் பார்க்கவில்லை. அப்படிப் பார்த்தால் என்ன சொல்லிவிடுவோமோ என்று அவளுக்கே பயமாக இருந்தது.

*

ஸ்கூடாயில் ஆ கியாட் இறங்கிக்கொண்டார். ஜொகூர் பாருவில் ஆபீஸ் வாசலில் லாரி நின்றபோது பன்னிரண்டரை ஆகியிருந்தது. இன்ஸ்பெக்டர் தன் வேலையைப் பார்க்கப் போய்விட்டார். மயானத்தில் அடக்கம் செய்ய அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். சீட்டு வாங்கத் தாய் நேரில் வர வேண்டும்.

"நீ போய்ட்டு வாக்கா. நான் இதுகிட்ட இருக்கேன்," என்றான் மணியம்.

'இது' என்ற சொல் அவளைச் சுட்டது. ஆனால் அவன் பெட்டியைத் தொட்டுக்கொண்டு உட்கார்ந்த விதத்தில் மரியாதை இருந்தது. லாரியிலிருந்து இறங்கினாள்.

பதிவுக் கிராணியின் பெயர் ஜெயபாலன். மூக்குக்கண்ணாடி போட்ட, அதிர்ந்து பேசாத மனிதர். கனத்த புத்தகம் ஒன்றைப் பிரித்து வைத்துக்கொண்டு நெடுநேரம் தேடினார்.

"குழந்தை பொறந்ததைப் பதிஞ்சீங்களாம்மா?"

"பதியறதா?"

"பொறந்த சில வாரத்துக்குள்ள வந்து சொல்லணும். சொல்லலையா?"

"காட்டுல இருக்கோம் ஐயா. தூக்கிட்டு வரலாம்னு இருந்தோம். கொஞ்சம் தேறட்டும்னு..."

"இந்தப் புஸ்தகத்துல பொறக்கவே இல்லாத குழந்தைக்கு, நான் எப்படிம்மா சாவை எழுதறது?"

சொன்ன பிறகுதான் அந்தச் சொல் எங்கே போய்ப் பட்டது என்று அவருக்குத் தெரிந்தது. அங்கம்மா மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். ஜெயபாலன் எழுந்து தன் நாற்காலியை இந்தப் பக்கம் கொண்டுவந்து போட்டார்.

"உட்காருங்க. பெரிய ஐயா சாப்பிட்டு வரட்டும். அவரு கையெழுத்துப் போட்டா ரெண்டையும் இன்னிக்கே எழுதிரலாம்."

பெரிய ஐயா வர மூன்று மணி ஆயிற்று. கையெழுத்து ஆக மூன்றரை. சுவரில் கடிகாரம் தட்டிக்கொண்டே இருந்தது. ஜன்னல் வழியாக அவளுக்கு லாரி தெரிந்தது. வெயில் பெட்டி மேல் படாமல் மணியம் தன் கோட்டைக் கழற்றிக் குடைபோலப் பிடித்துக்கொண்டிருந்தான்.

ஜெயபாலன் பேனாவை மையில் தோய்த்தார்.

"என்னிக்குப் பொறந்துச்சு?"

"ஆடிப் பதினெட்டு கழிச்சு மூணாம் நாள். விடியக்காலம்."

அவர் பஞ்சாங்கத்தைப் பார்த்து இங்கிலீஷ் தேதியாக மாற்றி எழுதிக்கொண்டார். "ஆணா, பொண்ணா?"

"பொண்ணு."

"பேரு?"

இந்த நாலு மாதமாக யாரும் அந்தப் பெயரை அவளிடம் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. வாய்க்குள் இருந்து அதை வெளியே எடுக்க அவளுக்குக் கொஞ்சம் நேரம் பிடித்தது.

"புஷ்பவள்ளி."

அவர் எழுதினார். எழுதி முடித்துவிட்டுப் புத்தகத்தை அவள் பக்கம் திருப்பி, விரலை வைத்துக் காட்டினார். அவளுக்குப் படிக்கத் தெரியாது. ஆனாலும் பார்த்தாள். மை ஈரமாக மினுங்கியது. அவள் பெண்ணின் பெயர் ஒரு புத்தகத்தில். பக்கத்தில் இருந்த சாவுப் பதிவுப் புத்தகத்திலும் அதே பெயரை அவர் இன்னொரு தரம் எழுத வேண்டியிருந்தது. அதை அவர் திருப்பிக் காட்டவில்லை.

"கடைசியா ஒரு கட்டம்மா. இடம் மாத்தறதுக்குக் காரணம். கோப்பைப் பார்த்தே எழுதிடறேன்." காகிதங்களைப் புரட்டினார். "ம்... 'தேக்கத்துக் காவல்காரர் சதாசிவம் பிப்ரவரி மாத அறிக்கையில் தாமே எழுதித் தெரிவித்தபடி...' சதாசிவம் உங்க வீட்டுக்காரர்தானே?"

"என்ன தெரிவிச்சாரு?"

"குழி இருக்கற விஷயத்தை."

"இல்ல ஐயா. அது என் தம்பி..."

ஜெயபாலன் குழப்பத்தோடு அந்தத் தாளை உருவி அவள் முன்னால் வைத்தார். மாதா மாதம் அனுப்புகிற அறிக்கை. வரிசையாகக் கேள்விகள். ஒவ்வொன்றுக்கும் எதிரே ஊதாப் பென்சிலில் பதில். ஒரே ஒரு கேள்விக்கு மட்டும் பதில் நீளமாக, இரண்டு வரிக்கு இறங்கியிருந்தது.

அவளுக்குப் படிக்கத் தெரியாது. ஆனால் சாயங்காலம் விளக்கடியில் உட்கார்ந்து, பென்சிலை நாக்கில் தொட்டுத் தொட்டு அவன் எழுதுவதை ஒன்பது வருஷமாகப் பார்த்திருக்கிறாள். ஒவ்வொரு எழுத்தும் இடப்பக்கம் சாய்ந்து நிற்கும்.

இந்த எழுத்துகளும் சாய்ந்துதான் நின்றன.

*

அவள் லாரிக்கு வந்தபோது மணியம் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டான்.

"உனக்குத் தெரியுமா?"

அவன் கோட்டை மடித்தான். "தெரியும்."

"ஆறு வாரமா உன்னை நான் என்னென்னவோ நினைச்சேன். வாசல்ல நிக்க வச்சுக் கதவைச் சாத்தினேன். ஏண்டா சொல்லலை?"

"மச்சான் சொல்லாதேன்னாரு. அவரு அப்படிச் சொல்லாட்டாலும் நான் உன்கிட்டச் சொல்லியிருக்க மாட்டேன். என்கூடப் பேசாம நீ இருந்துருவே. அவரு கூடப் பேசாம அந்தக் காட்டுல எப்படி இருப்பே?"

அங்கம்மா பெட்டியைப் பிடித்துக்கொண்டு ஏறி உட்கார்ந்தாள். லாரி மயானத்தை நோக்கித் திரும்பியது. கொஞ்ச தூரம் போன பிறகுதான் அவளால் கேட்க முடிந்தது.

"ஏன் எழுதினாராம்?"

"நானும் அதைத்தான் கேட்டேன். சண்டைகூடப் போட்டேன். 'ரெண்டு மாசம் இல்லைன்னு எழுதினீங்கள்ல, மூணாவது மாசமும் எழுதறதுக்கு என்ன?'ன்னு கேட்டேன்."

"என்ன சொன்னாரு?"

"'அந்தச் சீனக் கிழவன் பொண்டாட்டியை எடுக்கச் சொல்லிப் பக்கத்துலயே நின்னேன் மணியம். அவன் அழுதான். சட்டம்னு சொன்னேன். என் புள்ளைக்குன்னா மட்டும் இல்லைன்னு எழுதணுமா?' அப்படின்னாரு. நான் என்னத்தைச் சொல்றது?"

லாரி குலுங்கியது. அங்கம்மா பெட்டியை மடிக்கு இழுத்துக்கொண்டாள்.

சதாசிவம் சொன்னது நியாயம்தான். அதுதான் அவளால் தாங்க முடியாததாக இருந்தது. நியாயமில்லாமல் எதையாவது செய்திருந்தால், அடிவயிற்றிலிருந்து திட்டித் தீர்த்திருக்கலாம். இந்த மனுஷனை எதைச் சொல்லித் திட்டுவது?

"என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல," என்றாள். "அவருக்கு மட்டுமா புள்ளை அது? கேட்டிருந்தா நானும் சரின்னு சொல்லியிருப்பேனோ என்னவோ. கேக்கவே இல்லையே."

மணியம் மடித்த கோட்டைப் பிரித்துப் பெட்டியின் மேல் போட்டான்.

*

மயானத்து வாசலில் காவல்காரர் தயங்கினார். "பொம்பளைங்க உள்ள வர்றது வழக்கமில்லையேம்மா."

"தகப்பன் வர முடியலை," என்றான் மணியம். "வேற ஆள் இல்லை."

அவர் சீட்டைப் பார்த்தார், பெட்டியைப் பார்த்தார். வழிவிட்டார்.

மூன்றாவது வரிசை. சுவரை ஒட்டினாற்போல் இடம் கொடுத்தார்கள். குழி தயாராக இருந்தது. மணியம் இறங்கிப் பெட்டியை வாங்கிக்கொண்டான். முதல் பிடி மண்ணை அங்கம்மா போட்டாள். இரண்டாவது பிடியை எடுத்துப் புருஷன் பேரைச் சொல்லிப் போடலாம் என்று நினைத்தாள். முடியவில்லை. அந்த மண்ணைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்துவிட்டு ஓரமாக உதிர்த்தாள்.

மண் மூடிய பிறகும் அவள் எழுந்திருக்கவில்லை.

"அக்கா. லாரி அஞ்சரைக்கு ஸ்கூடாய்க்குத் திரும்பணும். உன்னைக் கொண்டுபோய் விட்டுட்டு வரச் சொல்லியிருக்காங்க."

"நீ லாரியை அனுப்பிரு."

"நீ?"

"நான் அங்க போகலை."

"என்னக்கா பேசறே? குவார்ட்டர்ஸ் சம்சாரிக்குத்தான். பொண்டாட்டி இல்லாம தனியா இருந்தாருன்னா வேற ஆளைப் போட்டுருவாங்க. அதுவும் சட்டந்தான்."

"சட்டம், சட்டம்! கேட்டுக் கேட்டுக் காது புளிச்சுப்போச்சு." அவள் குரல் உடைந்தது. "உலு திராம் ரப்பர்த் தோட்டத்துக்கே போறேன். பழையபடி பால்வெட்டப் போறேன். இல்லைன்னா இங்கயே கிடக்கறேன். என் புள்ளை பக்கத்துல."

"இங்க இருக்க முடியாதுக்கா." மணியத்துக்குச் சொல்லவே கஷ்டமாக இருந்தது. "இதுவும் சர்க்கார் நிலந்தான். ஆறு மணிக்கு வாசலைப் பூட்டிருவாங்க."

அவள் நிமிர்ந்து அவனைப் பார்த்தாள். அப்புறம் இத்தனை நாளும் வராத அழுகை வந்தது. காலையில் வரவில்லை, ஆபீஸில் வரவில்லை, மண் போட்டபோதும் வரவில்லை. இப்போது தம்பியின் முழங்காலைக் கட்டிக்கொண்டு, சத்தம் போட்டு அழுதாள். மணியம் அவள் தலையில் கை வைத்தபடி நின்றான். வாசலில் லாரிக்காரன் இரண்டு தடவை ஹாரன் அடித்தான். மூன்றாவது தடவை அடிக்காமல் போய்விட்டான்.

மணி அடித்தார்கள். காவல்காரர் வந்து தொண்டையைச் செருமினார். மணியம் அக்காவைத் தாங்கிக்கொண்டு வெளியே வந்தான். பின்னால் இரும்புக் கதவு மூடி, பூட்டு விழுந்தது.

ரோட்டில் எதிரே ஒரு மனிதன் வந்துகொண்டிருந்தான். முழங்கால் வரை செம்மண். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. நடக்கிறானா ஓடுகிறானா என்று சொல்ல முடியாத நடை.

"மச்சான்!" என்றான் மணியம்.

சதாசிவம் அவர்களைப் பார்க்கவில்லை. நேரே வாசலுக்குப் போய்க் கம்பியைப் பிடித்துக்கொண்டான்.

"ஐயா, திறங்க. என் மக... இன்னிக்குக் கொண்டாந்தாங்களே..."

"ஆறு மணி ஆயிருச்சுப்பா. காலையில வா."

"ஒரு நிமிஷம். பார்த்துட்டு வந்துர்றேன்."

"முடியாதுப்பா. என் வேலை போயிரும்."

சதாசிவம் மறுபடி வாயைத் திறந்தான், மூடிக்கொண்டான். அந்தப் பதிலை அவனால் மறுக்க முடியவில்லை. ஒன்பது வருஷமாக வேலி ஓரத்தில் நின்று அவன் எத்தனை பேருக்குச் சொன்ன பதில் அது.

"மச்சான்," மணியம் அருகே போய்க் குரலைத் தாழ்த்தினான். "தேக்கத்துல யாரு இருக்கா?"

"யாரும் இல்லை."

"ஐயோ! யாருக்காவது தெரியுமா?"

"டைரில எழுதி வச்சுட்டுத்தான் வந்தேன். 'மத்தியானம் ஒரு மணியிலிருந்து காவல்காரன் எல்லையில் இல்லை'ன்னு. நாளைக்குக் காலையில இன்ஸ்பெக்டர் பார்ப்பாரு."

மணியம் நெற்றியில் அடித்துக்கொண்டான்.

அங்கம்மா புருஷனைப் பார்த்தாள். எழுதிவிட்டு வந்திருக்கிறான். இதையும். யாரும் கேட்காமலே. அவளுக்குச் சிரிப்பு வருவதுபோல் இருந்தது. அவனிடம் கேட்க அவளிடம் ஒரு கேள்வி இருந்தது. மத்தியானத்திலிருந்து அதை வைத்துக்கொண்டிருந்தாள். இந்த ரோட்டில், இவன் இப்படி நிற்கும்போது அதைக் கேட்க முடியாது. கேட்காமலும் இருக்க முடியாது. ஆனால் கேட்பது இன்றைக்கு இல்லை.

"சுவத்தைச் சுத்தி வாங்க," என்றாள்.

அவன் திரும்பினான்.

"உள்ள போக முடியாது. வெளிப்பக்கமா வரலாம். அவளைச் சுவரோரந்தான் வச்சிருக்கு."

அவள் முன்னால் நடந்தாள். சுவரை ஒட்டி ஒற்றையடிப் பாதை. லாலாங் புல் இடுப்புவரை வளர்ந்திருந்தது. உள்ளே பார்த்திருந்த அடையாளத்தை மனதில் வைத்துக்கொண்டு, வரிசைகளை விரலால் எண்ணிக்கொண்டு போனாள். ஒன்று. இரண்டு. அவன் பின்னால் வருகிற காலடி கேட்டது. அவனுக்காக அவள் நிற்கவில்லை, வேகமாகவும் போகவில்லை.

ஓர் இடத்தில் நின்றாள்.

சதாசிவம் அவளைக் கடந்து போய்ச் சுவரின் மேல் உள்ளங்கையைப் பதித்தான். பகல் வெயில் ஏறிய சுவர் இன்னும் சூடாக இருந்தது.

"இங்கயா?"

அவள் எட்ட நின்றபடியே கண்ணால் அளந்தாள்.

"இன்னும் ரெண்டடி," என்றாள். "அந்தப் பக்கம்."

அவன் கையைச் சுவரிலிருந்து எடுக்காமலே, இரண்டடி நகர்ந்தான்.